இசே கோயிலைப் பிரித்துக் கட்ட முடிகிறது, நாகாகின் டவரில் ஒரு பெட்டியைக்கூட மாற்ற முடியவில்லை. ஏன்?

#1 வரைபலகை

ஜப்பான் கட்டடம் என்று பேச ஆரம்பித்தாலே தாள் கதவு, மூங்கில், பாசி படிந்த தோட்டம் என்று போய்விடுகிறது. அதையெல்லாம் ஓரமாக வைத்துவிட்டு ஒரே ஒரு கேள்வி.

மியே மாகாணத்து இசே கோயில்: 690இல் தொடங்கிய வழக்கம். 20 ஆண்டுக்கு ஒருமுறை, ஒட்டியிருக்கும் காலி மனையில் அதே அளவில், அதே வகை மரத்தில் புதுக் கோயில் எழுப்பி, தெய்வத்தை அங்கே எழுந்தருளச் செய்துவிட்டுப் பழையதைப் பிரித்துவிடுவார்கள். 2013இல் 62ஆவது முறை நடந்தது. அடுத்தது 2033.

டோக்கியோ கின்சா பக்கத்து நாகாகின் காப்சூல் டவர்: குரோகாவா கிஷோ வடிவமைத்தது, 1972இல் முடிந்தது. இரண்டு கோபுரத் தண்டுகள், அவற்றில் தொற்றிக்கொண்டிருக்கும் 140 பெட்டி அறைகள். 25 ஆண்டுக்கு ஒருமுறை பெட்டியைக் கழற்றிவிட்டுப் புதியது மாட்டுவது என்பதுதான் ஏற்பாடு. 50 ஆண்டில் ஒன்றுகூட மாறவில்லை. 2022இல் மொத்தமாகப் பிரித்துவிட்டார்கள்.

இரண்டுக்கும் வாக்குறுதி ஒன்றுதான். கட்டடமும் உயிர்போல உறுப்பு மாற்றிக்கொண்டு வளர வேண்டும் என்று 1960இல் மெட்டபாலிசம் அறிக்கை வெளியிட்ட, குரோகாவாவும் இருந்த குழுவுக்கு இசே நன்றாகவே தெரியும். குழுவில் இருந்த கவாஸோயே நொபோரு அதைப் பற்றி எழுதியவர். தெரிந்தும் ஏன் நடக்கவில்லை? பழைய மர வேலையிலிருந்து இன்றைய கட்டடத்துக்கு உண்மையில் என்ன வந்து சேர்ந்திருக்கிறது, எது வெறும் தோற்றம்? வேலை தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

#2 மூலைமட்டம்

போல்ட்டிலிருந்து ஆரம்பிக்கலாம்.

பெட்டி ஒன்று சுமார் 2.5 மீட்டர் அகலம், 4 மீட்டர் நீளம். எஃகுச் சட்டத்தில் தகடு போர்த்தி, தொழிற்சாலையிலேயே கட்டில், மேசை, குளியலறை எல்லாம் பொருத்தி வந்தது. தண்டோடு பிடித்துக்கொண்டிருந்தது நாலே நாலு போல்ட். கேட்க நன்றாக இருக்கும். ஆனால் பெட்டிகள் ஒன்றன்மேல் ஒன்றாக நெருக்கி அடுக்கப்பட்டவை. நடுவில் இருக்கும் ஒன்றை உருவ வேண்டுமானால் அதே வரிசையில் அதற்கு மேலே இருப்பதையெல்லாம் முதலில் இறக்கியாக வேண்டும். நாலாம் மாடிக்காரர் பெட்டியை மாற்ற ஆசைப்பட்டால், அவருக்கு மேலே இருக்கும் ஒவ்வொருவரும் வீட்டைக் காலி செய்து ஒத்துழைக்க வேண்டும். ஒவ்வொரு பெட்டிக்கும் தனித்தனிச் சொந்தக்காரர் வேறு.

அடுத்தது குழாய். தண்ணீர், கழிவுக் குழாய்கள் தண்டுக்கும் பெட்டிக்கும் நடுவே போகின்றன. பெட்டி ஏறி உட்கார்ந்த பிறகு அங்கே கை நுழையாது. பெட்டியின் ஆயுள் 25, குழாயின் ஆயுள் அதைவிடக் குறைவு. ஆனால் குழாயை மாற்றப் பெட்டி நகர வேண்டும். ஆயுள் குறைந்ததை ஆயுள் கூடியதற்குப் பின்னால் மறைத்துவைத்தால் என்ன ஆகுமோ அதுதான் ஆனது: கசிவு, துரு, கடைசியில் வெந்நீர் விநியோகமே நின்றது. எஃகுச் சட்டத்துக்குத் தீக்காப்பாக அடித்திருந்த ஆஸ்பெஸ்டாஸ் இன்னொரு தலைவலி. அதைத் தொடாமல் எந்தச் சுவரையும் திறக்க முடியாது.

சட்டமும் சேர்ந்துகொண்டது. அடுக்குமாடியை இடித்துக் கட்ட அன்று ஐந்தில் நான்கு பங்கு வாக்கு வேண்டியிருந்தது. 2007இல் சொந்தக்காரர்கள் இடிப்பதற்கு வாக்களித்தார்கள். அதற்குப் பிறகும் 15 ஆண்டு இழுத்தது. கழற்றிய பெட்டிகளில் 23ஐ மட்டும் காப்பாற்றினார்கள். சில அருங்காட்சியகங்களுக்குப் போயின.

#3 வைரம்பாய்ஞ்சவன்

இசே பக்கம் நான் எழுதுகிறேன். முதலில் ஒரு திருத்தம்: 1,300 ஆண்டாக விடாமல் நடந்தது என்பது சரியில்லை. 15–16ஆம் நூற்றாண்டு உள்நாட்டுப் போர்க்காலத்தில் 120 ஆண்டுக்கு மேல் நின்றுபோயிருந்தது. உள்கோயிலில் 1585இல்தான் மறுபடி ஆரம்பித்தார்கள். விட்ட இடத்திலிருந்து தொடர முடிந்தது என்பதுதான் உண்மையில் பெரிய விஷயம்.

கட்டும் முறையைப் பாருங்கள். அடித்தளக் கல் கிடையாது. ஹினோகி (ஜப்பானிய சைப்ரஸ்) மரத் தூணை நேராக மண்ணில் குழி தோண்டி நடுகிறார்கள். மேலே புல் வேய்ந்த கூரை. மண்ணும் காற்றும் சந்திக்கும் அந்த ஒரு சாண் உயரத்தில்தான் தூண் முதலில் இற்றுப்போகும். ஈரமும் பிராணவாயுவும் ஒருசேரக் கிடைக்கும் இடம் அது. நாரா பக்கத்துப் பழங்கோயிலான ஹோர்யூஜியில் கல்மேல் நிற்கும் ஹினோகி 1,300 ஆண்டு தாங்குகிறது, மண்ணில் நட்ட அதே ஹினோகிக்கு அந்த யோகம் இல்லை. ஆக 20 ஆண்டு என்பது வெறும் சடங்குக் கணக்கு இல்லை. புல்கூரைக்கும் மண்ணில் நட்ட தூணுக்கும் பொருந்துகிற கெடு. தச்சர் ஒருவர் கற்றுக்குட்டியாக ஒரு முறையும் தலைமைத் தச்சராக அடுத்த முறையும் வேலை செய்யப் போதுமான இடைவெளியும்கூட.

ஒரு தடவைக்கு ஏறக்குறைய 10,000 ஹினோகி மரம் வேண்டும். மலைச்சடங்கும் மரம் வெட்டும் வேலையும் எட்டு ஆண்டு முன்பே ஆரம்பித்துவிடும். மரம் பெரும்பாலும் கிஸோ மலையிலிருந்து வருகிறது. கோயிலின் சொந்தக் காட்டிலேயே பருத்த ஹினோகி வளர்க்க 1923இல் 200 ஆண்டுத் திட்டம் போட்டு நட்டார்கள். 2013க்கு அதிலிருந்து ஒரு பங்கு மரம் கிடைத்தது.

பிரித்த மரம் எங்கே போகிறது என்பதைச் சொல்லாவிட்டால் பாதிதான் சொன்னதாகும். முகட்டைத் தாங்கும் பெரிய தூண்கள் கோயில் நுழைவில் இருக்கும் உஜி பாலத்து முனைகளில் தோரண வாயில் ஆகின்றன. 20 ஆண்டு கழித்து அங்கிருந்து செகி, குவானா ஊர்களின் பழைய சாலை முகப்புகளுக்குப் போய் இன்னொரு 20 ஆண்டு நிற்கின்றன. மற்ற மரம் நாடு முழுக்கக் கோயில்களுக்குப் பங்கிடப்படும். நிலநடுக்கத்தில் சேதமான ஊர்க் கோயில்களுக்கும் போயிருக்கிறது.

குரோகாவாவிடம் பெட்டி இருந்தது. அதற்குப் பின்னால் காடும் இல்லை, 25 ஆண்டு கழித்து அதே பெட்டியைச் செய்யப்போகிற ஆளும் இல்லை.

#4 மழைமறைப்பு

இசேயை முன்னுதாரணமாகக் காட்டுவதில் எனக்கு உடன்பாடு இல்லை. அரச குடும்பத்துக் கோயில், நன்கொடை கொட்டும். அதை வைத்து ஒரு அடுக்குமாடியைக் குறை சொல்வது எப்படி நியாயம்? சாதாரணமாகப் பராமரிக்கிற பழைய கட்டடத்தோடு ஒப்பிடுங்கள்.

கியோத்தோவில் இருக்கும் கியோமிஸு கோயிலின் மேடையைச் சொல்வேன். 1633இல் திரும்பக் கட்டியது. பள்ளத்தாக்கு மேல் ஏறக்குறைய 13 மீட்டர் உயரம். கீழே கெயாகி மரத் தூண்கள், குறுக்கும் நெடுக்குமாகத் தூணைத் துளைத்துக்கொண்டு போகும் நுகிச் சட்டங்கள், துளையில் ஆப்பு. தளம் ஹினோகிப் பலகை. மழை வழிய முன்பக்கம் லேசான வாட்டம் வைத்திருக்கிறார்கள். நடமாட்டத்திலும் மழையிலும் தேய்வது பலகைதான், ஆகவே சில பத்தாண்டுக்கு ஒருமுறை பலகையை மட்டும் மாற்றுகிறார்கள். கடைசியாக 2020இல் மாற்றினார்கள். தூணைத் தொட வேண்டிய அவசியமே இல்லை.

இன்னொன்று, கீழே நின்று பார்த்தால்தான் தெரியும்: வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் நுகியின் ஒவ்வொரு நுனிக்கும் மேலே சின்னதாக ஒரு பலகைக் கூரை. மரம் தண்ணீர் குடிப்பது நுனி வழியாகத்தான். அந்தத் துண்டுப் பலகை கெட்டால் மாற்ற ஓர் ஆள், ஓர் ஏணி போதும்.

#5 மூலைமட்டம்

மழைமறைப்பு சொன்னதோடு ஒத்துப்போகிறேன். சாதாரண வீட்டிலேயே இந்த அடுக்குமுறை இருக்கிறது. ஷோஜி என்ற தாள் கதவின் தாளை ஆண்டுக் கடைசியில் புதிதாக ஒட்டுவது பழக்கம். தரையில் பதிக்கும் கனத்த பாயான ததாமியின் மேல்பாயை 3–5 ஆண்டில் திருப்பிப் போடுவார்கள், அதற்குப் பிறகு பாயை மட்டும் மாற்றுவார்கள், உள்ளே இருக்கும் வைக்கோல் அடை அதற்கும் பிறகு பல ஆண்டு வரும். ஹினோகிப் பட்டைக் கூரை 30–40 ஆண்டு. சுவரில் மேல்பூச்சு தனி, நடுப்பூச்சு தனி, உள்ளே மூங்கில் தட்டியோடு சேர்ந்த களிமண் தனி. பெரிய கோயில் என்றால் சில நூறு ஆண்டுக்கு ஒருமுறை முழுக்கப் பிரித்து, கெட்ட உறுப்பை மட்டும் மாற்றித் திரும்பப் பூட்டுவார்கள்.

எது சீக்கிரம் கெடுமோ அது வெளியே, எளிதில் கை எட்டும் இடத்தில். நாகாகினில் இது தலைகீழ்.

#6 புதுச்சாவி

ஒரு சந்தேகம். ஆணியே இல்லாமல் கட்டுவதால்தான் பிரிக்க முடிகிறது என்கிறார்களே, அது சரியா? தூணின் அடி மட்டும் இற்றுப்போனால் முழுத் தூணையும் மாற்றுவார்களா?

#7 வைரம்பாய்ஞ்சவன்

ஆணி இல்லை என்பது சுற்றுலாக் கையேட்டுக் கதை, தம்பி. ஹோர்யூஜியிலேயே அடித்துத் தயாரித்த இரும்பாணி இருக்கிறது. கைமரம், தளப்பலகை, அலங்காரப் பலகை இதற்கெல்லாம் ஆணி அடித்துத்தான் வந்திருக்கிறார்கள். தூணும் உத்தரமும் சந்திக்கும் முக்கியப் பூட்டுகளில் மட்டும் கழுந்து, ஆப்பு, மரச்சாவி. அங்கே இரும்பைத் தவிர்ப்பதற்குக் காரணம் உண்டு: குளிர் இரும்பில் ஈரம் கோத்துக்கொள்ளும், சுற்றியுள்ள மரம் அழுகும், பிரிக்கும்போது மரமும் கிழியும்.

தூணின் அடிக்கு வருவோம். முழுத் தூணையும் மாற்ற மாட்டார்கள். கெட்ட அடியை அறுத்து எடுத்துவிட்டுப் புது அடி ஒட்டுவார்கள். வரிசை இப்படி:

முதலில் பக்கத்து உத்தரத்தின் அடியில் ஜாக்கி வைத்துப் பாரத்தை எடுக்க வேண்டும். தூக்குவது சில மில்லிமீட்டர்தான். அதற்குமேல் தூக்கினால் சுவர்ப் பூச்சு விரிசல் விடும், மேலே பூட்டுகள் கழன்றுகொள்ளும். பிறகு தூணில் உளியால் குத்திப் பார்த்து, நல்ல மரம் எங்கே ஆரம்பிக்கிறதோ அதற்கும் மேலே அறுக்க வேண்டும். பெரும்பாலான வேலை கெடுவது இங்கேதான்: மரத்தை மிச்சம் பிடிக்க ஆசைப்பட்டுத் தாழ அறுத்துவிடுவார்கள், பூஞ்சை இழை உள்ளேயே தங்கிவிடும், சில ஆண்டில் ஒட்டுக்கு மேலே அழுக ஆரம்பிக்கும்.

ஒட்டுக்கு வழக்கமாக கனவா-த்ஸுகி. மேல் துண்டும் கீழ்த் துண்டும் ஒரே வடிவத்தில் வெட்டியவை. பக்கவாட்டில் ஒன்றுக்குள் ஒன்று நகர்ந்து உட்காரும். நடுவில் விட்ட சதுர ஓட்டையில் ஓக் மரச்சாவியை அடித்தால், சாவி இரண்டையும் எதிரெதிர்த் திசையில் தள்ளி, நுனியில் இருக்கும் கொக்கிகளை இறுக்கும். ஒட்டின் நீளம் தூணின் பக்க அளவைப் போல் சுமார் மூன்று மடங்கு. 120 மி.மீ. தூணுக்கு 360 மி.மீ. என்று வைத்துக்கொள்ளுங்கள். சாவிக்கு லேசான சரிவு போதும். அதிகம் சரித்தால் அடிக்க அடிக்கக் கொக்கி பிளக்கும்.

புதுத் துண்டு அதே இன மரம், காய்ந்தது, வேர்ப்பக்கம் கீழே. பச்சை மரத்தில் செய்தால் முதல் குளிர்காலத்திலேயே சுருங்கிச் சாவி ஆடும். அடித்தளக் கல்மேல் உட்கார்கிற தூண் என்றால், கல்லின் மேடு பள்ளத்தைக் கவராயத்தில் மரத்துக்குக் கடத்தி, அந்த வடிவத்துக்கே அடியைச் செதுக்க வேண்டும். கல்லைச் சமப்படுத்த மாட்டார்கள்.

#8 மட்டுறுத்துநர்

ஜென் தத்துவம் பற்றிய பதிவுகளை வேறு இழைக்கு நகர்த்தியிருக்கிறேன். இங்கே கட்டடம் மட்டும்.

#9 ஆறடிக்கோல்

உறுப்பு மாற்றம் பற்றிப் பேசும்போது அளவை விட்டுவிடக் கூடாது. மாற்று உறுப்பு சரியாக உட்கார வேண்டுமானால் அளவு பொதுவாக இருக்க வேண்டும். ஜப்பானில் இதற்கு இரண்டு வழி இருந்தது, ஊருக்கு ஊர் சண்டை.

கியோத்தோ பக்கம் ததாமிதான் ராஜா. ஒரு பாய் 191 × 95.5 செ.மீ. பாயை வரிசையாக அடுக்கி, அதற்கு வெளியே தூணை நிறுத்துவார்கள். எல்லா அறையிலும் ஒரே பாய். எதோ, அதாவது இன்றைய டோக்கியோ பக்கம், தூண்களின் மையத்திலிருந்து மையத்துக்கு அளவு வைப்பார்கள். 6 ஷாக்கு ஒரு கென், 1.818 மீட்டர். தூணின் கனம் உள்ளே பிதுங்குவதால் பாய் சுருங்கி 176 × 88 ஆகிவிடும். அறைக்கு அறை கொஞ்சம் வேறுபடும். அங்கே ஒவ்வொரு பாயையும் அதன் இடத்துக்கே அளந்து தைக்க வேண்டும். பின்பக்கம் குறியிட்டு வைக்காமல் கழற்றினால் திரும்பப் போடும்போது பிடிக்காது.

விளைவைப் பாருங்கள். எதோ காலத்து (17–19ஆம் நூற்றாண்டு) ஒசாகாவில் வாடகை வீடு வெறும் கூடாகத்தான் கிடைக்கும். ததாமி, ஷோஜி, ஃபுசுமா (அறைகளைப் பிரிக்கும் நகர்கதவு) எல்லாம் வாடகைக்காரர் கொண்டுவர வேண்டும். வீடு மாறும்போது கழற்றி எடுத்துப்போய் அடுத்த வீட்டில் மாட்டினால் பொருந்தும். பழைய கதவும் பாயும் விற்கிற சந்தையே இருந்தது. 140 பெட்டிக்காரர்கள் செய்ய முடியாததை ஒசாகாக் குடித்தனக்காரர்கள் சாதாரணமாகச் செய்தார்கள்!

கதவு கழற்றும் ரகசியம் மேல்சட்டத்தின் காடியில் இருக்கிறது. மேல் காடி ஆழம் 15 மி.மீ., கீழ்க் காடி 3 மி.மீ.க்குள். கதவை மேலே தூக்கினால் அடி வெளியே வந்துவிடும். கருவி வேண்டாம். கூரைப் பாரத்தில் மேல்சட்டம் சில மில்லிமீட்டர் தொய்ந்தால் முதலில் இந்த இடைவெளிதான் அடைபடும். பழைய வீட்டில் கதவு தூக்கினாலும் வரவில்லை என்றால் கதவைச் சீவாதீர்கள், உத்தரத்தைப் பாருங்கள்.

இன்றைய அடுக்குமாடிப் பாய் 170 × 85 வரைக்கும் வந்துவிட்டது. "ஆறு பாய் அறை" என்றால் கியோத்தோவில் கிட்டத்தட்ட 11 சதுர மீட்டர், அடுக்குமாடியில் 8.7. விளம்பரத்தில் பாய்க் கணக்குப் போட்டால் பாய்க்கு 1.62 சதுர மீட்டராவது இருக்க வேண்டும் என்று விதி வைத்திருப்பதற்குக் காரணம் இதுதான்.

#10 சென்ட்ரிங்மேஸ்திரி

இந்தப் பாய்க் கணக்கு கான்கிரீட்டிலும் உட்கார்ந்திருக்கிறது. கட்டடக் கலைஞர் அந்தோ ததாவோவின் கான்கிரீட் சுவரில் தெரியும் கோடுகள் 900 × 1800 மி.மீ. வார்ப்புப் பலகையின் விளிம்புகள். பாயும் அந்தப் பலகையும் ஏறக்குறைய ஒரே உடம்பு. ஒவ்வொரு பலகையிலும் ஆறு வட்டக் குழி, நெடுக்கில் 600, உயரத்தில் 450 மி.மீ. இடைவெளி. குழி அலங்காரத்துக்காக வைத்ததில்லை. இரண்டு பக்கப் பலகையையும் கட்டிப்பிடிக்கும் கம்பியின் நுனியில் போடும் பிளாஸ்டிக் கூம்பின் தடம் அது.

நம்ம ஆட்கள் "அந்தோ ஃபினிஷ்" கேட்டு வாங்கி ஏமாறுவது எங்கே என்று சொல்கிறேன்.

ஒன்று, பலகை மூட்டு. பூச்சு போட்ட ப்ளைவுட்டாக இருந்தாலும் மூட்டில் 1 மி.மீ. சந்து விட்டால் சிமென்ட் பால் ஒழுகி, மணலும் ஜல்லியும் மட்டும் வரிகட்டி நிற்கும். மூட்டின் பின்னால் நாடா ஒட்டி, பின்கட்டையை இறுக்கியாக வேண்டும். இரண்டு, கம்பி நெருக்கம். மூலையிலும் ஜன்னல் அடியிலும் வைப்ரேட்டர் நுழைய இடம் விட்டுக் கம்பி கட்டாவிட்டால் தேன்கூடுபோல் ஓட்டை விழுவது நிச்சயம். ஜன்னல் அடியில் காற்று சிக்கும், அங்கே ஆள் நின்று பலகையை மரச்சுத்தியால் தட்டிக்கொண்டே இருக்க வேண்டும். மூன்று, ஒரே சுவரை இரண்டு லாரிக்கு நடுவில் நேரம் விட்டு ஊற்றுவது. முதல் அடுக்கு இறுகிப்போனால் சாய்வான கறுப்புக் கோடு விழும். அதைப் பூசி மறைத்தால் வெயிலில் திட்டுத் திட்டாகத் தெரியும்.

ஆனால் #1இல் கேட்ட கேள்விக்கு வந்தால், இந்த வகைக் கான்கிரீட்டில் எதையும் கழற்ற முடியாது. ஒசாகா சுமியோஷியில் 1976இல் அந்தோ கட்டிய வரிசை வீடு, பழைய நகர்மனையின் நீண்ட ஒடுக்கமான மனையை அப்படியே எடுத்துக்கொண்டது. மூன்றில் நடுப்பகுதி திறந்த முற்றம், மழைநாளில் படுக்கையறையிலிருந்து கழிப்பறைக்குக் குடை பிடித்துத்தான் போக வேண்டும். முற்றம் பழையது, சரி. இறவாரம் எங்கே? கூரை நீட்டம் இல்லாத சுவரில் மழை நேராக வழிந்து கறை கட்டும். நீர்விலக்குப் பூச்சை 10–15 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப அடிக்காவிட்டால் அந்தப் பட்டுச் சுவர் பாசிச் சுவர்தான்.

#11 வரைபலகை

மேஸ்திரி சொன்னதோடு கட்டடக் கலைஞர் தாங்கே கென்ஸோவையும் சேர்க்கலாம். 1958 ககாவா மாகாண அலுவலகத்தில் மாடிக்கு மாடி கான்கிரீட் விட்டங்கள் மரக் கைமரம்போல நீட்டிக்கொண்டிருக்கும். பார்க்க அழகு, மரத்தின் விகிதம் அப்படியே. வேலை செய்யும் முறை கான்கிரீட்டினுடையது. இதைத்தான் நான் "தோற்றம்" என்றேன்.

#12 நிலநடுங்கி

தோற்றம் இல்லாமல் வேலைமுறை மட்டும் வந்ததற்கு டோக்கியோவின் ஸ்கைட்ரீ கோபுரத்தைச் சொல்லலாமா? 634 மீட்டர், 2012இல் திறந்தது. நடுவில் 8 மீட்டர் விட்டம், 375 மீட்டர் உயரத்துக்குக் கான்கிரீட் உருளை. உள்ளே அவசரப் படிக்கட்டு. கீழே 125 மீட்டர் வரை வெளி எஃகோடு கட்டியிருக்கிறது, அதற்குமேல் எண்ணெய் அதிர்வுத்தணிப்பான்கள் வழியாக மட்டும் தொடுகிறது. எஃகு ஒரு தாளத்தில் ஆடும், உருளை வேறு தாளத்தில் ஆடும், ஒன்றின் ஆட்டத்தை மற்றது தின்றுவிடும். ஐந்தடுக்கு மரக் கோயில் கோபுரமான பகோடாவின் நடுத்தூணை நினைத்து அதற்கு அந்தப் பெயரையே வைத்தார்கள்.

#13 வைரம்பாய்ஞ்சவன்

பெயர் வைத்தது சரி, வேலை அதுவேதான் என்று சொல்லிவிடாதீர்கள். பகோடாவின் நடுத்தூண் மாடிகள் எதையும் தாங்குவதில்லை. உச்சியில் இருக்கும் உலோகக் கலசத்துக்கு மட்டும்தான் அது தாங்கி. ஹோர்யூஜியில் அதன் அடி ஆதியில் மண்ணுக்குள் இருந்தது, இற்றும்போனது. நிக்கோ தோஷோகு பகோடாவில் (1818) தூணைச் சங்கிலியில் தொங்கவிட்டிருக்கிறார்கள், அடி கல்லைத் தொடாது. இதை நிலநடுக்கத் தந்திரம் என்று எல்லாரும் எழுதுவார்கள். தச்சர் காரணம் வேறு: மரம் குறுக்கே சுருங்கும், நெடுக்கே அவ்வளவாகச் சுருங்காது. மாடிகள் படுக்கைவசமாக அடுக்கிய மரம், ஆண்டு போகப் போக இறங்கும். நடுத்தூண் இறங்காது. கீழே ஊன்றியிருந்தால் உச்சிக் கூரையை முட்டித் தூக்கி, அந்தச் சந்தில் மழை இறங்கும். தொங்கவிட்டால் கூரையோடு சேர்ந்து தானும் இறங்கும்.

நிலநடுக்கத்தில் பகோடாவைக் காப்பாற்றுவதில் நடுத்தூணுக்கு எவ்வளவு பங்கு என்று பொறியாளர்களே இன்னும் வாதாடுகிறார்கள். அடுக்குக்கு அடுக்கு தளர்வாக உட்கார்ந்திருப்பதும், நூற்றுக்கணக்கான பூட்டுகள் உரசி ஆற்றலைக் கரைப்பதும் எனக்குப் பெரிய பங்காகப் படுகிறது.

#14 நிலநடுங்கி

ஏற்கிறேன். ஆனால் பழைய மர வீடெல்லாம் நிலநடுக்கத்தைத் தாங்கும் என்ற அடுத்த கதையையும் சேர்த்தே உடைப்போம். நுகி வைத்த வீடு நிறைய வளையும், உடையாமல் வளையும். சட்டம் தூணுக்குள் அமுங்கி ஆற்றலை வாங்கிக்கொள்ளும். ஆப்பு இறுக்கமாக இருந்தால். தூணின் அடி அழுகாமல் இருந்தால். 1995 கோபே நிலநடுக்கத்தில் விழுந்தவற்றில் பெரும்பகுதி பழைய மர வீடுகள்தான். களிமண் மெத்தைமேல் ஓடு பதித்த கனத்த கூரை, தெருப்பக்கம் சுவரே இல்லாத கடைமுகப்பு, கறையான் தின்ற அடி. மூன்றும் சேர்ந்தால் நுகி என்ன செய்யும்?

#15 மழைமறைப்பு

மரத்தை வெளியே தொங்கவிடும் இன்றைய பாணியைப் பற்றியும் ஒரு வார்த்தை. கட்டடக் கலைஞர் குமா கெங்கோ 2000இல் தோசிகி மாகாணத்தில் கட்டிய பாத்தோ ஹிரோஷிகே அருங்காட்சியகம்: சுவரும் கூரையும் முழுக்க மெல்லிய சுகி (ஜப்பானிய சீடர்) மரச் சட்டங்கள். தண்ணீரைத் தடுக்கும் அடுக்கு சட்டங்களுக்குக் கீழே. அதாவது மரம் மழைக்கு மேலே படுத்திருக்கிறது. கால் நூற்றாண்டுக்குள் சட்டங்கள் அழுகி உடைந்து செய்தியானது. சிற்றூர் நிர்வாகத்துக்குச் செலவு கட்டுப்படியாகவில்லை. மருந்து ஏற்றிய மரம்தான். ஆனால் படுக்கைவசச் சட்டம், திறந்த நுனி, நிழலில் காயாத இடம் என்றால் மருந்து கழுவிப் போய்விடும். பழைய ஆட்கள் கைமர நுனிக்கு வெள்ளைச் சிப்பிப்பூச்சு அடித்தார்கள், செப்புத் தகட்டுத் தொப்பி போட்டார்கள், எல்லாவற்றுக்கும் மேலே ஒரு மீட்டர் இறவாரம் இழுத்தார்கள். குமாவே 2019 தேசிய விளையாட்டரங்கில் 47 மாகாண மரத்தையும் இறவாரத்தின் அடிப்பக்கமாக வைத்திருக்கிறார். அது சரியான இடம்.

வெளியே மரம்தான் வேண்டும் என்றால் கருக்கிய சுகிப் பலகை. மூன்று பலகையை முக்கோணக் குழாயாகக் கம்பியால் கட்டி, நிமிர்த்தி, அடியில் தாள் கொளுத்தினால் புகைபோக்கிபோல் தீ தானே மேலே இழுக்கும். சில நிமிடம்தான். பிரித்துப் போட்டுத் தண்ணீர் ஊற்ற வேண்டும். கரி 3 மி.மீ. அளவுக்கு நிற்க வேண்டும். பலகை விளிம்பில் சந்து இருந்தால் அங்கே அதிகம் எரிந்து மற்ற இடம் பழுப்பாக நிற்கும். எரித்த பிறகு பிரஷ் போட்டுத் தேய்த்துப் பளபளப்பாக்குகிறார்கள் பாருங்கள், அது படத்துக்கு அழகு, ஆயுளுக்குக் கேடு.

#16 திஸ்ஸவெளி

இலங்கைப் பக்கம் இருந்து ஒரு உதாரணம். சுனாமிக்குப் பிறகு கிரிந்தையில் ஜப்பான் கட்டடக் கலைஞர் பான் ஷிகேரு கட்டின வீடுகள். அங்க இருக்கிறது பெரும்பாலும் முஸ்லிம் மீனவக் குடும்பங்கள். காகிதக் குழாய்க்காரர் என்று பேர் வாங்கின மனுஷன் அங்க காகிதம் பாவிக்கேல்லை. உள்ளூர் மண்ணை அழுத்திச் செய்த கோர்வைக் கல், உள்ளே ரப்பர் மரத்தில் முன்கூட்டியே செய்த அலமாரித் தொகுதிகள், நடுவில கூரையோட திறந்த இடம். கோபேயில 1995 தற்காலிக வீட்டுக்கு பியர்க் கூடையில் மணல்மூட்டை நிரப்பி அத்திவாரம் போட்டவர், கிரிந்தையில அதைத் திருப்பிச் செய்யேல்லை. அந்தந்த இடத்தில கிடைக்கிறதை வைத்து, அங்கத்த ஆட்களே பிறகு திருத்தக்கூடிய மாதிரிக் கட்டுறதுதான் அவற்ற முறை. இந்த இழையில பேசுறதுக்கு இது கிட்ட வரும் எண்டு நினைக்கிறன்.

#17 புதுச்சாவி

அருமை. கடைசியாக ஒரு நடைமுறைக் கேள்வி. ஜப்பானில் வேலை பார்க்கும் நம்மவர் சிலர் கிராமத்துக் காலி வீடுகளை மலிவு விலைக்கு வாங்குகிறார்கள். போய்ப் பார்க்கும்போது முதலில் எதைப் பார்க்கச் சொல்வீர்கள்?

#18 நிலநடுங்கி

தேதி முதலில். கட்டட அனுமதி 1981 ஜூன் 1க்கு (புது நிலநடுக்க விதி வந்த நாள்) முன்பா பின்பா என்று கேளுங்கள். வீடு முடிந்த தேதியைச் சொன்னால் ஏற்காதீர்கள். 1982இல் முடிந்த வீட்டுக்குப் பழைய விதியில் அனுமதி இருக்கலாம். மர வீட்டுக்கு 2000 ஜூன் 1 இன்னொரு எல்லை: தூண் அடி இரும்புப் பிணைப்பும் சுவர்ச் சமநிலையும் அப்போதுதான் தெளிவாகக் கட்டாயமாயின. வரிக் கணக்கில் மர வீட்டுக்கு ஆயுள் 22 ஆண்டு. அதற்குப் பிறகு விலை கிட்டத்தட்ட மனைக்கு மட்டும்தான். மலிவு என்பதற்கு வீடு கெட்டுவிட்டது என்று அர்த்தம் இல்லை, நல்ல வீடு என்றும் இல்லை.

#19 வைரம்பாய்ஞ்சவன்

அடுத்தது தளத்துக்குக் கீழே. சமையலறையில் தளத்தில் ஒரு மூடி இருக்கும், அல்லது ததாமி ஒன்றைத் தூக்கி அடிப்பலகையைக் கழற்றலாம். டார்ச்சும் ஒரு ஸ்க்ரூடிரைவரும் போதும். குளியலறை ஒட்டிய அடிச்சட்டத்தையும் வடக்குமூலைத் தூணையும் குத்திப் பாருங்கள். முனை விரல்நுனி அளவு இறங்கினால் அடி ஒட்டுவேலை இருக்கிறது. மண் குழாய்போல் கல்மேல் ஏறியிருந்தால் கறையான்.

பிறகு சாய்வு. 3 மீட்டர் இடைவெளியில் மட்டம் பாருங்கள். 18 மி.மீ.க்கு மேல், அதாவது 1000க்கு 6க்கு மேல் இருந்தால் கட்டமைப்பில் கோளாறு இருக்க வாய்ப்பு அதிகம் என்பது அரசு அளவுகோல். தளம் மட்டும் சரிந்ததா, தூணும் சேர்ந்து சரிந்ததா என்று பிரித்துப் பாருங்கள். முன்னது தச்சர் வேலை, பின்னது மண் வேலை. செலவு நாலைந்து மடங்கு வித்தியாசப்படும்.

#20 மழைமறைப்பு

கூரை: ஓட்டுக்குக் கீழே களிமண் இருக்கிறதா, சட்டத்தில் ஆணி அடித்ததா என்று கேளுங்கள். 2022இலிருந்து புதிதாக வேயும் ஓடு ஒவ்வொன்றையும் ஆணியோ திருகோ போட்டுப் பிணைக்க வேண்டும். களிமண் கூரையைப் பிரித்து இலகுவாக வேய்ந்தால் மேல்பாரம் குறையும், ஆனால் பாரம் குறைந்த கூரைக்குக் காற்று புதுப் பிரச்சினை. உத்தரப் பிணைப்பையும் சேர்த்தே பாருங்கள். பரணில் ஏறி, கைமரத்தில் கறுப்பு வளையங்கள் இருந்தால் தொட்டுப் பாருங்கள். காய்ந்த கறை பழைய கசிவு. ஈரமாக இருந்தால் அந்த வாரத்து மழை. ஆகவே மழை பெய்த மறுநாள் போய்ப் பாருங்கள், வெயில்நாளில் தரகர் கூப்பிட்டால் தள்ளிப்போடுங்கள்.